தெரிந்தும் சொல்லாததால் போன உயிர்கள்

பிரசவத்தில் ஒரு பெண் இறந்துவிட்டால் "அவ விதி அவ்வளவுதான்" என்று சொல்லி அந்தப் பேச்சையே மூடிவிடுகிறோமே, அதைக் கேட்கும்போதெல்லாம் எனக்குக் கோபம் வருகிறது. பிரசவ மருத்துவத்தின் பழைய கதையைக் கொஞ்சம் படித்தாலே தெரியும், அந்தச் சாவுகள் பலவற்றில் யாரோ ஒருவருக்கு வழி தெரிந்திருந்தது. அவர் சொல்லவில்லை, அல்லது சொன்னவரைச் சும்மா விடவில்லை.

இங்கிலாந்தில் சேம்பர்லென் என்று ஒரு மருத்துவக் குடும்பம். ஆயுதம் போட்டு எடுத்தார்கள் என்கிறோமே, சிக்கிய குழந்தையைப் பிடித்து இழுக்கும் அந்த இடுக்கி 17ஆம் நூற்றாண்டிலேயே அவர்கள் கையில் இருந்தது. தொழில் வெளியே போய்விடக் கூடாது என்று தலைமுறை தலைமுறையாக மறைத்தார்கள். 1670இல் ஹ்யூ சேம்பர்லென் பாரிஸ் வரை போய் அந்த ரகசியத்துக்கு விலை பேசினார், படியவில்லை, திரும்பிவிட்டார். சிக்கிய குழந்தையோடு தாய்கள் செத்துக்கொண்டிருந்த காலம் அது!

சரி, இது பணத்தாசை. பயம் இதைவிடக் கொடியது. 1795இல் ஸ்காட்லாந்தின் அபர்தீனில் அலெக்சாண்டர் கார்டன் என்ற மருத்துவர், பிரசவமான தாய்மாரைக் கொன்ற பிரசவக் காய்ச்சலை மருத்துவர்களும் மருத்துவச்சிகளும்தான் ஒரு தாயிடமிருந்து இன்னொரு தாய்க்குக் கொண்டுபோகிறார்கள் என்று ஆதாரத்தோடு எழுதினார். நானும் பரப்பியிருக்கிறேன் என்றே எழுதினார். ஊரே அவர் மீது பாய்ந்தது, அவர் ஊரை விட்டே போக வேண்டியதாயிற்று. இதைப் பார்த்த பிறகு இன்னொரு மருத்துவர் வாயைத் திறப்பாரா?

அரை நூற்றாண்டு கழித்து, 1847இல் வியன்னாவில் செம்மல்வைஸ் என்ற மருத்துவர், பிணத்தை அறுத்த கையோடு பிரசவம் பார்க்க வந்தவர்களைக் குளோரின் கரைசலில் கை கழுவ வைத்தார். ஏப்ரலில் நூற்றுக்கு 18 தாய்மார் இறந்த பிரிவில் ஜூனில் 2 பேர். அப்படியும் பெரிய பேராசிரியர்கள் பலர் ஏற்கவில்லை. அவர்கள் முட்டாள்கள் என்று எனக்குத் தோன்றவில்லை. ஏற்றால், இத்தனை வருடம் என் கையாலேயே எத்தனை பேர் போனார்கள் என்ற கேள்வி வரும். ஜெர்மனியின் கீல் நகரத்து மருத்துவர் மிகேலிஸ் ஏற்றுக்கொண்டார், அந்தக் குற்ற உணர்வு தாங்காமல் 1848இல் உயிரை மாய்த்துக்கொண்டார். அமெரிக்காவின் பிலடெல்பியாவில் பிரசவ மருத்துவப் பேராசிரியராக இருந்த சார்லஸ் மெய்க்ஸோ இந்தச் சாவுகளைத் தற்செயல் அல்லது கடவுள் செயல் என்று கொள்வதையே விரும்புவதாக எழுதினார். நம் "விதி"யும் அதே ஆறுதல்தான். அது துக்கத்தை ஆற்றும், மறுக்கவில்லை. ஆனால் காரணத்தையும் சேர்த்துப் புதைத்துவிடுகிறது.

பயத்தை எடுத்துவிட்டால் உண்மை வெளியே வரும். பிரிட்டனில் 1952 முதல் பிரசவ மரணங்களைப் பெயர் வெளியிடாமல் ஆராய்கிறார்கள், யாரையும் தண்டிக்க அல்ல, எங்கே தவறியது என்று அறிய. தமிழ்நாட்டிலும் இப்படி ஒவ்வொரு மரணத்தையும் எடுத்துப் பேசும் நடைமுறை இருக்கிறது. அதற்குக் குடும்பங்களும் துணை நிற்க வேண்டும். மருத்துவமனைக் கண்ணாடியை உடைப்பது எதையும் வெளியே கொண்டுவராது, இருக்கிற குறிப்பையும் மறைக்கத்தான் வைக்கும். ரத்தப்போக்கா, பிரஷரா, கிருமித் தொற்றா, எத்தனை மணிக்குக் கவனித்தார்கள் என்று கேளுங்கள். மருத்துவக் குறிப்புகளின் நகலைக் கேட்டால் 72 மணி நேரத்துக்குள் கொடுக்க வேண்டும் என்று மருத்துவக் கவுன்சிலின் 2002ஆம் ஆண்டு விதியே சொல்கிறது. காரியங்கள் முடிந்த பிறகாவது வீட்டில் யாராவது ஒருவர் போய் அதை வாங்கிப் படியுங்கள்.