சீல் எடுக்கும்போது உள்ளே வெல்லம் இருக்குமா?

கலப்படச் சந்தேகத்தில் ஒரு வெல்ல ஆலையின் சரக்கை அதிகாரிகள் பறிமுதல் செய்யும் வீடியோவுக்குக் கீழே நான் எழுதிய இரண்டு வரிக்கு இத்தனை வசவு வரும் என்று நினைக்கவில்லை. "விஷம் விக்கிறவனுக்கு வக்காலத்து வாங்காதீங்கக்கா" என்று எழுதிய தம்பி, எங்கள் வீட்டில் பல தடவை சாப்பிட்டவர். முகம் தெரியாதவர்கள் திட்டியதைவிட அதுதான் வலித்தது.

நான் எழுதியது இவ்வளவுதான்: ஆய்வறிக்கை வரட்டும், அப்புறம் பேசலாம். போன வாரம் அறிக்கை வந்துவிட்டது. கலப்படம் இல்லை. அதை யாராவது பகிர்ந்தீர்களா? "கலப்பட வெல்லம் பறிமுதல்" என்று போட்ட சேனல் எதுவும் அந்த ஆலைப் பக்கம் திரும்பிப் போனதாகத் தெரியவில்லை.

சோதனையே செய்யக் கூடாது என்று நான் எங்கேயும் சொல்லவில்லை. முடிவு வருவதற்கு முன்பே தண்டனை முடிந்துவிடுகிறது என்கிறேன்.

2006 உணவுப் பாதுகாப்புச் சட்டத்தை எடுத்துப் படித்துப் பாருங்கள். மாதிரியை நான்கு பங்காகப் பிரிக்க வேண்டும். ஒன்று பகுப்பாய்வாளருக்கு, இரண்டு, மாவட்ட உணவுப் பாதுகாப்புப் பொறுப்பில் இருக்கிற நியமன அலுவலரிடம். நான்காவது பங்கை, சரக்குக்காரர் கேட்டால், அங்கீகாரம் பெற்ற வேறொரு ஆய்வகத்துக்கு அனுப்ப வேண்டும். இரண்டு அறிக்கையும் முரண்பட்டால் மேல் ஆய்வகம் சொல்வதுதான் இறுதி. பகுப்பாய்வாளர் 14 நாளில் அறிக்கை தர வேண்டும். அதை எதிர்த்து 30 நாளுக்குள் மேல்முறையீடு செய்யலாம். எல்லாம் நல்ல ஏற்பாடுதான். ஆனால் அந்த நான்காவது பங்கைக் கேட்கலாம் என்பது பாகு காய்ச்சும் கொப்பரை அடுப்புக்கு முன்னால் நிற்கிற எத்தனை பேருக்குத் தெரியும்? ஜீப்பும் கேமராவும் வந்து நிற்கும்போது யாருக்குக் கேட்க வாய் வரும்?

வெல்ல ஆலை வைத்திருந்த எங்கள் அப்பாவுக்கு வரவில்லை. மார்கழி மாதம், பொங்கல் ஏலத்துக்குப் போக வேண்டிய வெல்லச் சிப்பங்கள், அதாவது மூட்டைகள். நிறம் பளிச்சென்று இருக்கிறது என்பதுதான் சந்தேகம். மாதிரி எடுத்தார்கள், எங்கள் அறையிலேயே வைத்து சீல் போட்டு, அப்பாவிடம் கையெழுத்து வாங்கிக்கொண்டு போனார்கள். பொங்கல் கழிந்த பிறகு அறிக்கை வந்தது, ஒரு குறையும் இல்லை என்று. சீலை எடுக்க உத்தரவு வாங்க மறுபடி அலைச்சல். கதவைத் திறந்தால் அடி வரிசைச் சிப்பங்கள் கசிந்து, சாக்கெல்லாம் ஊறி, பாகு வாசற்படிவரை வந்திருந்தது. 2022 பொங்கல் பரிசுப் பையில் வெல்லம் உருகி ஒழுகியதைத் தமிழ்நாடே பார்த்தது. வெல்லம் வாய்தாவுக்கெல்லாம் காத்திருக்காது.

அதைவிடக் கொடுமை, அடுத்த பட்டத்தில் பழைய வியாபாரியே "அந்த சீல் வெச்ச ஆலைச் சரக்கா?" என்று கேட்டது. அப்பா ஒன்றும் பேசவில்லை. அறிக்கையின் நகலை மடித்துச் சட்டைப் பையிலேயே வைத்துக்கொண்டு திரிந்தார்.

"கோர்ட்டுக்குப் போக வேண்டியதுதானே?" என்கிறார்கள். போனவர்கள் இருக்கிறார்கள். 2015 ஜூனில் மேகி நூடுல்ஸுக்குத் தடை வந்தது. ஆகஸ்ட் 13-ஆம் தேதி பம்பாய் உயர் நீதிமன்றம் அந்தத் தடையை ரத்து செய்தது. கம்பெனியின் விளக்கத்தை முறையாகக் கேட்கவில்லை, சோதித்த ஆய்வகங்களுக்கு உரிய அங்கீகாரம் இல்லை என்றது. மறு சோதனையில் தேறி நவம்பரில் கடைக்கு வந்துவிட்டார்கள். அவர்களுக்கும் ஆயிரக்கணக்கான டன் சரக்கு போனது, ஆனால் தாங்கினார்கள். கரும்புக்கு முன்பணமும் ஆட்களுக்குக் கூலியும் கடன் வாங்கிக் கொடுத்தவர் எதை வைத்துத் தாங்குவார்?

காரணமில்லாமல் வேண்டுமென்றே சரக்கைப் பறிமுதல் செய்கிற அதிகாரிக்கு ஒரு லட்சம் ரூபாய் வரை அபராதம் என்று 39-ஆம் பிரிவு சொல்கிறது. வேண்டுமென்றே செய்தார் என்று யார் நிரூபிப்பது? நிரூபித்தாலும் அது அபராதம், கசிந்து போன சிப்பத்துக்கு ஈடு இல்லை.

"அப்போ ஹைட்ரோஸ் போடுறவனை விட்டுடலாமா?" விடச் சொல்லவில்லை. நிறத்தை வெளுக்க அந்த ரசாயனத்தைப் போடுகிறார்கள், எனக்கும் தெரியும், அது தப்பு. அதைப் போட்டால் வெல்லத்தில் தங்குகிற கந்தக டை ஆக்சைடு 70 பிபிஎம்-ஐ, அதாவது பத்து லட்சத்தில் 70 பங்கைத் தாண்டக் கூடாது. தாண்டினால் வழக்குப் போடுங்கள். ஆனால் மண்டியில் கறுத்த வெல்லத்துக்கு விலையைக் குறைப்பது யார்? கடையில் மஞ்சள் அச்சாகப் பொறுக்கி எடுப்பது யார்? நீங்கள் கேட்ட நிறம் வந்தால் ஏலத்தில் விலை, வந்த நிறத்தைப் பார்த்து சீல். இடையில் நிற்கிறவர் எங்கே போவார்?

அதிகாரிகளுக்கு ஆள் பற்றாக்குறை, வேலைப் பளு என்றும் ஒருவர் எழுதியிருந்தார். இருக்கட்டும். வீடியோ எடுக்க நேரம் இருந்ததே.

கெட்டுப்போகிற சரக்கு என்றால் முதலில் அதைச் சோதியுங்கள். நான்காவது பங்கைப் பற்றி மாதிரி எடுக்கும்போதே தமிழில் சொல்லிக் கையெழுத்து வாங்குங்கள். அறிக்கை கையில் வரும்வரை ஆலை முகப்பையும் ஆள் முகத்தையும் காட்டாதீர்கள். கேட்பது இந்த மூன்றும்தான்.

தம்பி, உன்னை நான் பிளாக் செய்யவில்லை. அந்த ஆலைக்காரரின் மகள் ஒன்பதாவது படிக்கிறாள். நீ பகிர்ந்த வீடியோ அவள் பள்ளிக்கூடம்வரை போயிருக்கிறது. அறிக்கையின் படத்தை உன் இன்பாக்ஸில் போட்டிருக்கிறேன். அதையும் உன் பக்கத்தில் போடு.