பால் டீக்கு டஸ்ட்தான் சரி

பால் டீக்கு முழு இலைத் தேயிலைதான் உயர்ந்தது, டஸ்ட் என்பது ஆலையில் கூட்டி அள்ளும் கழிவு என்று கட்டுரையில் எழுதியிருக்கிறீர்கள். கேரளத்தின் வண்டிப்பெரியாற்றில் தேயிலைத் தோட்டத் தொழிலாளர் குடும்பத்தில் பிறந்த என்னால் இதை ஏற்க முடியவில்லை. சல்லடையில் தரம் பிரிக்கும்போது கிடைக்கும் மிக நுண்ணிய ரகம்தான் டஸ்ட். அதிலும் நல்லது, மட்டமானது உண்டு. கொழுந்தை எப்படிக் கிள்ளினார்கள் என்பதில் பாதி விஷயம் இருக்கிறது.

டீக்கடை டஸ்ட் பெரும்பாலும் சி.டி.சி. முறையில் வருவது. அதில், வாடவைத்த இலையைப் பல் பதித்த உருளைகளுக்கு நடுவே விட்டு நொறுக்கி, கிழித்து, சுருட்டுகிறார்கள். 1930-களில் அசாமில் வந்த முறை இது. சாறு வெளியே வந்து காற்றுப் பட்டதும் வேகமாக நிறமேறும். துகள் சிறியது என்பதால் வெந்நீரில் சாயம் சட்டென்று இறங்கும். பாலில் உள்ள புரதம் தேயிலையின் துவர்ப்பைக் கட்டிப்போட்டுவிடும். பால் ஊற்றிய பிறகும் தேயிலை நாக்கில் தெரிய வேண்டுமென்றால் டஸ்ட் தரும் இந்தக் கடுஞ்சாயம் வேண்டும். குமுளியிலும் கம்பத்திலும் டீக்கடைகளில் துணி வடிகட்டியில் பெரும்பாலும் போடுவது டஸ்ட்தான்.

இலையை இப்படி நொறுக்காமல் உருட்டிச் செய்யும் ஆர்த்தடாக்ஸ் ரகம் மணத்துக்கு. அதைப் பால் சேர்க்காத கட்டன் சாயாவாகக் குடித்தால்தான் அருமை தெரியும். கிரீன் டீக்குப் பால் ஒத்துவராது. அப்புறம், டஸ்டைப் பாலிலேயே போட்டு நெடுநேரம் கொதிக்கவிடச் சொல்லியிருப்பதையும் திருத்துங்கள். தண்ணீரில் இரண்டு மூன்று நிமிடம் போதும், பிறகு காய்ச்சிய பால். எங்கள் அம்மாக்கள் மழையில் நனைந்து கிள்ளிய கொழுந்து அது, டஸ்ட் கழிவு என்ற அந்த வரியைத் தயவுசெய்து எடுத்துவிடுங்கள்.