நிலைப்படியை வெட்டியவள்

1949 புரட்சிக்குப் பிந்தைய சீன சினிமா என்றாலே, ‘கம்யூனிஸ்ட் கட்சி சொன்னதை எழுதினார்கள், அவ்வளவுதான்’ என்று ஒரே வரியில் கதையை முடித்துவிடுகிறார்கள். எனக்குப் பொறுக்கவில்லை. ஒரே ஒரு காட்சியைச் சொல்கிறேன், கேளுங்கள்.

நவீன சீன இலக்கியத்தின் முன்னோடியான லூ சுன் 1924இல் எழுதிய ‘புத்தாண்டுப் பலி’ சிறுகதை 1956இல் படமானது. திரைக்கதை சியா யான், இயக்கம் சாங் ஹூ. இரண்டு கணவர்களையும் பறிகொடுத்த வேலைக்காரி ஒருத்தி. செத்த பிறகு எமன் உன்னை இரண்டாக அறுத்து ஆளுக்குப் பாதி கொடுப்பான் என்று இன்னொருத்தி அவளைப் பயமுறுத்துகிறாள். கோயிலுக்கு ஒரு நிலைப்படி வாங்கிக் கொடு, ஊரார் மிதிக்க மிதிக்க உன் பாவம் கழியும் என்கிறாள். சேர்த்துவைத்த கூலியை அப்படியே கோயிலில் கொடுத்துவிட்டு, முகம் தெளிந்து திரும்புகிறாள் அவள். படையல் சாமான்களை எடுக்கக் கை நீட்டுகிறாள். எசமானி தடுத்துவிடுகிறாள். தீட்டு அப்படியேதான் இருக்கிறது.

லூ சுன் கதையில் அவள் அதோடு ஒடுங்கிப்போகிறாள். சியா யானோ அவள் கையில் கத்தியைக் கொடுத்தார். கோயிலுக்கு ஓடி, தான் வாங்கிக் கொடுத்த நிலைப்படியைத் தானே வெட்டுகிறாள்.

இவ்வளவு சாமிபயம் உள்ளவள் கோயில் படியை வெட்டுவாளா என்று சீனாவிலேயே அன்று கேட்டார்கள். வெட்டுவாள் என்றுதான் நான் சொல்வேன். முழுசாக நம்பிப் பணத்தைக் கொட்டியவளுக்குத்தான் அந்த ஆத்திரம் வரும். அதற்காக சியா யான் அவளைப் புரட்சிக்காரியாக்கிவிடவில்லை. அதன் பிறகும் பிச்சையெடுத்து, பனியில் விழுந்துதான் சாகிறாள்.

எனக்கு வருத்தம் வேறொன்றில். ‘செத்த பிறகு ஆவி உண்டா?’ என்று அவள் கேட்க, பதில் சொல்லத் திணறி நழுவும் படித்த மனிதன்தான் மூலக்கதையின் ‘நான்’. படத்தில் அவன் இல்லை. அது பெரிய இழப்பு.

இந்தத் திரைக்கதையை எழுதிய சியா யானின் நிலைமையையும் பார்க்க வேண்டும். அதற்கு இன்னொரு படத்தின் கதையைச் சொல்ல வேண்டும். பிச்சையெடுத்த காசில் ஏழைப் பிள்ளைகளுக்குப் பள்ளி தொடங்கிய வூ சுன்னின் வாழ்க்கையை இயக்குநர் சுன் யூ படமாக எடுத்தார். 1948இல் தொடங்கிய படப்பிடிப்பு பாதியில் நின்றது. கம்யூனிஸ்டுகள் ஆட்சிக்கு வந்ததும், வூ சுன்னின் கதையைக் குழந்தைகளுக்குச் சொல்லும் ஓர் ஆசிரியையைப் புதிதாகச் சேர்த்து, காலத்துக்கேற்பத் திருத்தியும் பார்த்தார். தப்பவில்லை. 1951 மே 20 அன்று கட்சிப் பத்திரிகையான மக்கள் நாளிதழின் தலையங்கம் படத்தைக் கிழித்தெறிந்தது. அதில் மா சேதுங்கின் கையே இருந்தது. சுன் யூ தன் தவற்றை ஒப்புக்கொண்டு எழுத வேண்டியதாயிற்று. அப்போது ஷாங்காய் கலைத்துறைப் பொறுப்பில் இருந்த சியா யானும் அதே நாளிதழில் தன்விமர்சனம் எழுதினார்.

ஐந்தே ஆண்டுகள் கழித்து அதே மனிதர், பரிகாரம் செலுத்தியும் தீட்டு நீங்காத ஒருத்தியின் திரைக்கதையை எழுதுகிறார். லூ சுன் கொடுக்காத கத்தியை அவள் கையில் கொடுக்கிறார். அந்தக் காட்சியை ஒருமுறை பார்த்துவிட்டு வந்து என்னோடு சண்டை போடுங்கள்.