கூப்பிட்டுதான் வந்தாங்க பாஸ்

"அமெரிக்காவுல இருக்குற மெக்சிகோகாரங்க எல்லாருமே வேலி தாண்டி திருட்டுத்தனமா வந்தவங்கதான்"னு மேல ஒருத்தர் அடிச்சு விட்டிருக்காரு, அது தப்புங்க. பேப்பர் இல்லாம வந்தவங்களும் இருந்தாங்க, இல்லங்கல. ஆனா 1942 ஆகஸ்ட்ல, ரெண்டாம் உலகப்போர் நேரம், ஆள் பத்தலன்னு அமெரிக்க அரசாங்கமே மெக்சிகோவோட ஒப்பந்தம் போட்டு கூட்டிட்டு வந்துச்சு, பிரசேரோ திட்டம்னு பேரு, 1964 வரைக்கும் ஓடுச்சு, மொத்தம் 45 லட்சத்துக்கு மேல கான்ட்ராக்ட். வயலுக்கு மட்டுமில்ல, போர் முடியிற வரைக்கும் ரயில் தண்டவாள வேலைக்கும் எடுத்தாங்க. பார்டர்ல துணிய கழட்ட வச்சு மேல டிடிடிங்கற பூச்சிக்கொல்லி பவுடர் அடிச்சு உள்ள விட்டது தனி கொடுமை. ஆரம்ப வருஷங்கள்ல சம்பளத்துல 10 சதவீதம் சேமிப்புன்னு புடிச்சு மெக்சிகோ பேங்குக்கு அனுப்புனாங்க, நிறைய பேருக்கு அந்த காசு கைக்கே வரல. கலிபோர்னியா லெட்டூஸ் கீரை வயல்ல குட்டைப் பிடி களைக்கொத்து வச்சு நாள் பூரா குனிஞ்சே நின்னு முதுகு போனவங்க எத்தனையோ, அந்த களைக்கொத்துக்கு அங்க தடை வந்ததே 1975லதான்.