சொல்லாமல் செய்தவருக்கு 200

(பிரிட்ஜ் கிளப்பில் சீட்டாட்டப் போட்டி முடிந்து, ஜோடியாக ஆடிய மாமாவும் நித்யாவும் டீ குடிக்கிறார்கள். எத்தனை பிடி எடுப்போம் என்று முதலில் சொல்லிவிட்டு ஆடுவது பிரிட்ஜ்.)

மாமா: பதினொரு பிடி! சொன்னது ஒம்போது, எடுத்தது பதினொண்ணு. ரெண்டு உபரி. எதிர்ல உக்காந்திருந்தவர் முகத்தைப் பாத்தியாம்மா?

நித்யா: பாத்தேன் மாமா. சிரிப்பை அடக்க ரொம்பக் கஷ்டப்பட்டார்.

மாமா: தோத்தவன் எதுக்குச் சிரிக்கணும்?

நித்யா: அவர் எங்க தோத்தார்? 650 குடுக்க வேண்டியவர் 200-ஓட எழுந்து போனார்.

மாமா: 650 எங்கேர்ந்து வந்துச்சு?

நித்யா: நாலு இஸ்பேட்னு, அதாவது ஆறுக்கு மேல நாலு, பத்துப் பிடின்னு சொல்லி இதே பதினொண்ணை எடுத்திருந்தா 650. மூணோட நின்னதால 200. அது ரெண்டாம் நம்பர் போர்டு. அந்தச் சீட்டுப் பங்கீட்டுல நாம வல்னரபிள், பரிசும் கூட, அடியும் கூட.

மாமா: பிடி அதே பதினொண்ணுதானே?

நித்யா: அதேதான்.

மாமா: சீட்டு?

நித்யா: அதே சீட்டு.

மாமா: அப்ப மிச்சம் 450 எங்க போச்சு?

நித்யா: எங்கயும் போகல. உங்க வாயிலயே இருக்கு. வெளிய வரல.

மாமா: சொல்லாமச் செய்றவங்கதான் பெரியவங்கன்னு எங்க காலத்துல பள்ளிக்கூடத்துலயே சொல்லிக் குடுத்தாங்கம்மா.

நித்யா: இங்க பெரியவங்களுக்கு 200. சொல்லிட்டுச் செய்ற சின்னவங்களுக்கு 650.

மாமா: சொல்லிட்டுச் செய்ய முடியலைன்னா?

நித்யா: ஒரு பிடி குறைஞ்சா மைனஸ் 100. வல்னரபிள் இல்லைன்னா வெறும் 50.

மாமா: அப்படிச் சொல்லு! அதுக்குத்தான் நான் அடக்கி வாசிச்சேன்.

நித்யா: சரி, கணக்கே போடுவோம். ஒம்போது பிடிதான் கிடைக்குதுன்னு வைங்க. மூணோட நின்னா 140, நாலு சொல்லியிருந்தா மைனஸ் 100. நட்டம் 240. பத்தோ பதினொண்ணோ கிடைச்சா லாபம் 450. பேங்க்ல லோன் செக்‌ஷன்ல இருந்தவர் நீங்க. 450 வர்ற இடத்துல 240-க்குப் பயந்து ஃபைலை மூடிட்டீங்க.

மாமா: அந்த செக்‌ஷன்ல என் கையால ஒரு வாராக்கடன் கிடையாது, தெரியுமா?

நித்யா: தெரியும். கடனே குடுக்கலைன்னு அத்தை சொல்லியிருக்காங்க.

(டீ மேஜையில் எதிரே இருப்பவர் தலையை அசைத்தபடி எழுந்து போகிறார். உபரிப் பிடியைச் சொல்லிச் சொல்லிப் பூரிக்கும் ஆள் எல்லா கிளப்பிலும் ஒருவராவது உண்டு. அவருக்கு எதிராக ஆடுவது சுகம், ஜோடியாக ஆடுவதுதான் தண்டனை.)

மாமா: நீ சொல்ற 200-ஏ தப்பு. நான் குறிச்சு வெச்சிருக்கேன் பாரு. கோட்டுக்குக் கீழ 90, கோட்டுக்கு மேல 60, ஆனர்ஸ் 150. மொத்தம் 300.

நித்யா: எந்தக் கோடு மாமா?

மாமா: நோட்டுல குறுக்க போட்டிருக்கேனே, இந்தக் கோடு. ஏஸ், ராஜா, ராணி, ஜாக்கி, பத்து, அஞ்சு இஸ்பேடும் என் கையில. 150 தரணுமா இல்லையா? அந்த ஸ்கோர் மெஷின்ல ஆனர்ஸ்னு ஒரு பட்டனே காணோம். ரெண்டு தரம் தேடினேன்.

நித்யா: ஓ, அந்த மேஜையில நாம லேட் ஆனது அதனாலயா? போட்டி நடத்தற டைரக்டர் வந்து தலைமேல நின்னாரே!

மாமா: அவர்கிட்டயும் கேட்டேன். தண்ணி குடிக்கிறீங்களான்னு கேட்டார்.

நித்யா: மாமா, கோடு, ஆனர்ஸ் எல்லாம் ரப்பர் பிரிட்ஜ். நாம ஆடறது டூப்ளிகேட். ஒரே சீட்டு, போர்டோட ஒம்போது மேஜைக்கும் சுத்தி வருது. உங்களுக்கு வந்த அஞ்சு ஆனர்ஸும் ஒம்போது மேஜையிலயும் அதே வடக்கு இடத்துக்குத்தான் வந்துச்சு. 150 குடுக்கிறதா இருந்தா ஒம்போது பேருக்கும் குடுக்கணும். எல்லாருக்கும் குடுத்தா யாருக்கும் குடுக்காத மாதிரிதானே?

மாமா: சரி, ஆனர்ஸ் போகட்டும். கீழ 90 நிக்குது இல்ல? கேமுக்கு நூறு. இன்னும் பத்துதான் பாக்கி. அடுத்த கையில ஒரு கிளாவர் சொன்னாலே 20 வந்துடும்.

நித்யா: இங்க எதுவும் நிக்காது. ஒவ்வொரு போர்டும் அங்கயே முடிஞ்சு போச்சு. நூறைத் தொடணும்னா அந்தக் கையிலயே, சொன்ன பிடியாலயே தொடணும். முதல் ஆறு பிடிக்குக் காசு கிடையாது. அதுக்கு மேல கிளாவர், டைமன் 20. ஹார்ட், இஸ்பேட் 30. நோ டிரம்ப்ல, அதாவது துருப்பே இல்லாத ஆட்டத்துல, முதல் பிடி 40, அப்புறம் 30, 30. நீங்க சொன்னது மூணு இஸ்பேட், 90. தொடல. எடுத்தது அஞ்சு, அதனால 150. கேம் சொல்லாதவங்களுக்குத் தர்ற ஆறுதல் 50. ஆக 200. நாலுன்னு சொல்லியிருந்தா 120, தாண்டியாச்சு. வல்னரபிள் கேமுக்கு 500, உபரி ஒண்ணுக்கு 30. 650.

மாமா: எடுத்ததே அஞ்சு, 150. நூறைத் தாண்டிடுச்சே?

நித்யா: சொல்லல.

மாமா: எடுத்தேனே!

நித்யா: சொல்லல.

மாமா: ஆக்‌ஷன் பிரிட்ஜ்ல, இதுக்கு முந்தின ஏல ஆட்டத்துல, இதெல்லாம் கேமுக்குச் சேரும்னு எங்கப்பா சொல்வார்.

நித்யா: சேர்ந்துச்சு. அதை மாத்தினவர் ஹெரால்ட் வாண்டர்பில்ட்னு ஒரு அமெரிக்கப் பணக்காரர். 1925-ல ஃபின்லாந்துங்கற கப்பல்ல பனாமா கால்வாய் வழியா ஹவானா போறப்ப உக்காந்து இந்த அட்டவணையை எழுதினார். சொன்ன பிடி மட்டும்தான் கேமுக்குச் சேரும், ஒரு கேம் ஜெயிச்சவன் வல்னரபிள், விழுந்தா அவனுக்கு அடி கூடன்னு. அந்தக் கப்பல் போய் 100 வருஷம் ஆச்சு. நீங்க இன்னும் கரையில நின்னு உபரி எண்ணிட்டிருக்கீங்க.

மாமா: நீ மூணுன்னுதானே சொன்னே? நாலுன்னு சொல்லியிருந்தா நான் ஆடியிருப்பேனே.

நித்யா: நீங்க ஒண்ணு இஸ்பேட்னு ஆரம்பிச்சீங்க. நான் நேரா மூணுக்குத் தாவினேன். எனக்குப் பெரிய சீட்டுக்குப் பத்து பாயின்ட் இருக்கு, நாலு இஸ்பேட் இருக்கு, உங்ககிட்ட கொஞ்சம் கூட இருந்தா நாலுக்கு வாங்கன்னு கூப்பிட்டேன். உங்ககிட்ட பதினஞ்சு. ‘பாஸ்’னு சொல்லிட்டு வாசல்லயே செருப்போட நின்னுட்டீங்க.

மாமா: ப்ளஸ்தானே வாங்கினோம்?

நித்யா: ப்ளஸ் வாங்கி பூஜ்யம். மத்த எட்டு மேஜையிலயும் 650. நாம போட்டி போடறது எதிர்ல இருக்கறவரோட இல்ல, இதே சீட்டை வெச்சு மத்த மேஜையில ஆடற வடக்கு-தெற்கு ஜோடிகளோட. ஒரு ஜோடியை முந்தினா 1, சமமா இருந்தா அரை. நாம யாரையும் முந்தல. நமக்கு 8-க்கு 0. எதிர்ல இருந்தவருக்கு 8-க்கு 8. ஒரு பிடி கூட மிச்சம் பண்ணாம முழு மார்க். சிரிக்காம என்ன பண்ணுவார்?

மாமா: என்னை மட்டும் சொல்றியே, ஒம்போதாம் போர்டுல நீ வாங்கின மைனஸ் 500? அதை வெளிய சொல்லவே கூச்சமா இருக்கு.

நித்யா: வெளிய சொன்னீங்களே மாமா. டீ கவுன்டர்ல மூணு பேர்கிட்ட.

மாமா: நாலு ஆட்டின் அவங்க சொன்னாங்க. பேசாம விட்டிருக்கலாம். நீ நாலு இஸ்பேட்னு குறுக்க விழுந்தே, நீ விழுவேன்னு பந்தயத்தை ஏத்தி டபுள் போட்டான், மூணு பிடி குறைஞ்சு மூணு டவுன்.

நித்யா: அவங்க வல்னரபிள், நாம இல்ல. அவங்க நாலு ஹார்ட் விளையாடினா 620. பத்துப் பிடி அவங்களுக்கு உறுதி. என் கையில ஏழு பிடி உறுதி. டபுள் போட்டாலும் முதல் டவுனுக்கு 100, ரெண்டாவதுக்கு 200, மூணாவதுக்கு 200. மொத்தம் 500. 620-ஐ 500-ல நிறுத்தினேன். எட்டுல ஏழு மேஜையில அவங்களுக்கு 620 போயிருக்கு. அந்த போர்டுல நமக்கு ஏழரை.

மாமா: நாலு டவுன் ஆகியிருந்தா?

நித்யா: 800. அப்ப நான் முட்டாள். அவங்க கேம் 420 மட்டும்னு இருந்தாலும் மூணு டவுன் தப்பு, ரெண்டுதான் தாங்கும். அவங்க கேமே விழற கேமா இருந்தா, கேட்காம நானா தலையைக் குடுத்த மாதிரி. எல்லாம் எண்ணிட்டுத்தான் சொன்னேன்.

மாமா: நாலு டவுன்னா 700 இல்லையோ?

நித்யா: 1987-க்கு முன்னாடி. அப்புறம் நாலாவதுலேர்ந்து 300 ஆக்கிட்டாங்க.

மாமா: எனக்கு யாரும் சொல்லல.

நித்யா: நீங்களும்தான் சொல்லல.

மாமா: என்ன இருந்தாலும் மைனஸ் மைனஸ்தாம்மா.

நித்யா: போன மாசம் தண்ணி மோட்டார்ல சத்தம் வந்ததும் 500 ரூபா குடுத்து பேரிங் மாத்தினேன். வெட்டிச் செலவுன்னு ஒரு வாரம் சொன்னீங்க. காயில் எரிஞ்சு எத்தனை ஆயிரம் போயிருக்கும்னு ஒருத்தரும் கேட்கல. போகாம நிறுத்தினதை எழுத உங்க நோட்டுல இடமே கிடையாது, கோட்டுக்கு மேலயும் இல்ல, கீழயும் இல்ல.

(கொஞ்ச நேரம் டீ உறிஞ்சும் சத்தம் மட்டும்.)

மாமா: எட்டாம் போர்டு விட்டுட்டியே. அதுல நான் தைரியமா டபுள் போட்டேன்.

நித்யா: அதைச் சொல்ல வேணாம்னு பாத்தேன்.

மாமா: மூணு ஏஸ் வெச்சுக்கிட்டு எப்படிம்மா சும்மா இருக்கிறது? ரெண்டு இஸ்பேட் சொன்னான். ஒரு பாடம் கத்துக்குடுப்போம்னு போட்டேன்.

நித்யா: கத்துக்குடுத்தீங்க, ஃபீஸ் நாம கட்டினோம். அவர் எட்டுப் பிடி எடுத்துட்டார். சும்மா விட்டிருந்தா 110. டபுள் ஆனதும் 60, 120 ஆச்சு. நூறைத் தாண்டினா கேம். அவர் கேம் கேட்கவே இல்ல மாமா, நீங்களா கூப்பிட்டுக் கையில குடுத்தீங்க. 120, வல்னரபிள் இல்லாத கேமுக்கு 300, டபுளைத் தாங்கினதுக்கு 50. 470.

மாமா: கேம் சொல்லாதவனுக்குக் கேமா? இவ்வளவு நேரம் சொல்லணும் சொல்லணும்னியே!

நித்யா: அவர் சொல்லல. அவருக்காக நீங்க சொன்னீங்க.

மாமா: விழுந்திருந்தா?

நித்யா: ஒண்ணு விழுந்தா 50-க்கு பதிலா 100. அதாவது 50 கூடக் கிடைக்கும்னு 360-ஐப் பணயம் வெச்சீங்க. ரெண்டு கிளாவர், ரெண்டு டைமன்னா பரவாயில்ல, டபுள் போட்டாலும் 80-தான், கேம் ஆகாது. ரெண்டு ஹார்ட், ரெண்டு இஸ்பேட், ரெண்டு நோ டிரம்ப் மூணுலயும் கையை வைக்கும்போது பயப்படணும். சொந்தக் கேம் சொல்லப் பயம், அடுத்தவங்க கேமுக்கு மட்டும் தாராளம்.

மாமா: வயசாயிடுச்சும்மா எனக்கு.

நித்யா: 2018 ஜகார்த்தா ஆசிய விளையாட்டுல பிரிட்ஜுக்குத் தங்கம் வாங்கின பிரணாப் பர்தனுக்கு அப்ப 60 வயசு. கூட ஆடின ஷிப்நாத் சர்க்காருக்கு 56.

மாமா: அவங்களும் உபரி எடுத்திருப்பாங்க.

நித்யா: எடுத்திருப்பாங்க. நாலு சொல்லிட்டு.

மாமா: சரி, நாளைக்கு டீம் ஆட்டம். அதுலயும் இந்த ஏழரை, எட்டு எல்லாம் உண்டா?

நித்யா: இல்ல. ரெண்டே மேஜை. ரெண்டு மேஜை ஸ்கோர் வித்தியாசத்தை இம்ப்ங்கற சின்னப் புள்ளியா மாத்துவாங்க. ஜோடி ஆட்டத்துல மூணு நோ டிரம்ப்ல பத்து எடுத்து 430 வாங்கினவன் நாலு இஸ்பேட் 420-ஐ முந்திடுவான், அந்தப் பத்துக்காக உயிரை விடலாம். டீம்ல 10 வித்தியாசம்னா பூஜ்யம். உங்க உபரிக்கு அங்க டீக் காசு கூடத் தேறாது.

மாமா: 450 வித்தியாசத்துக்கு?

நித்யா: 10 இம்ப். அதே கேம் விழுந்து மைனஸ் 100, அந்தப் பக்கம் மூணோட நின்னு 140-ன்னா 240 வித்தியாசம், 6 இம்ப். கிடைச்சா 10, போனா 6. வல்னரபிளா இருக்கும்போது பத்துக்கு நாலு தடவை தேறும்னு தோணினாலே சொல்லிடணும்.

மாமா: லோன் செக்‌ஷன்ல அப்படிக் குடுத்திருந்தா என்னை உள்ள தள்ளியிருப்பாங்க.

நித்யா: இங்க குடுக்கலைன்னாத்தான் தள்ளுவாங்க.

மாமா: நம்ம டீம்ல இன்னொரு மேஜையில யாரு?

நித்யா: அத்தையும் உங்க தம்பியும். கிழக்கு-மேற்கு. நீங்க பிடிச்ச அதே வடக்குச் சீட்டை அந்த மேஜையில எதிர் டீம் ஆள் பிடிப்பார். அவர் நாலு சொல்லி 650 எடுத்துட்டுப் போறதை அத்தை எதிர்ல உக்காந்து பாத்திருப்பாங்க.

மாமா: ஆட்டம் முடிஞ்சதும்?

நித்யா: நாலு பேரும் உக்காந்து போர்டு போர்டா ஒப்பிடுவோம். நம்ம பக்கம் ஸ்கோரை ஒருத்தர் சத்தமா வாசிக்கணும்.

மாமா: யார் வாசிப்பா?

நித்யா: வழக்கமா வடக்கு.

மாமா: நாளைக்கு நீ வடக்குல உக்காந்துக்கோம்மா.