டின்டர்ன் மடம் அந்தப் பாட்டுக்குள் இல்லை

‘டின்டர்ன் மடம்’ என்று சுருக்கமாக அழைக்கப்படும் பாட்டில், ஆங்கிலக் கவிஞர் வேர்ட்ஸ்வொர்த் வேல்ஸில் உள்ள அந்தப் பழைய கிறித்தவத் துறவி மடத்தின் இடிபாடுகளில் உட்கார்ந்து அவற்றைத்தான் பாடினார் என்பது தவறு. மடத்தின் பெயர் தலைப்பில் மட்டுமே வருகிறது. அதுவும் ‘மடத்துக்குச் சில மைல் மேலே’, அதாவது வை ஆறு வரும் திசையில். கடல் ஓதம் அவ்வளவு தூரம் எட்டாது என்று அவரே அடிக்குறிப்பும் போட்டிருக்கிறார். பாட்டில் இருப்பவை செங்குத்துப் பாறைகள், பழத்தோட்டங்கள், மரங்களுக்கிடையே எழும் புகை. 1793க்குப் பிறகு 1798 ஜூலையில் தங்கை டோரதியோடு மறுபடி வந்தார். டின்டர்னை விட்டுக் கிளம்பும்போது பாட்டை மனதுக்குள் தொடங்கி, பிரிஸ்டல் நகரம் சேரும்வரை ஒரு வரிகூடத் தாளில் எழுதவில்லை என்று பிற்பாடு சொன்னார். இடிபாடுதான் வேண்டுமென்றால் 1782இல் வெளிவந்த, வில்லியம் கில்பின் என்ற ஆங்கில எழுத்தாளரின் வை ஆற்றுப் பயண நூல் இருக்கிறது. மடத்தின் முக்கோண உச்சிச் சுவர்களைச் சுத்தியலால் கொஞ்சம் உடைத்தால் இன்னும் அழகாகும் என்கிறார் மனிதர்!