வடசேரி–கன்னியாகுமரி டிராம்: அந்தப் படம் நம்மூர் இல்லை

"வடசேரியில் இருந்து கன்னியாகுமரிக்கு டிராம் ஓட ஆரம்பித்துவிட்டது, தண்டவாளத்தில் கரண்ட் பாய்கிறது, மிதித்தால் ஷாக்" என்று ஒரு படத்தோடு வாட்ஸ்அப்பில் சுற்றும் செய்தி தவறு. நம் கன்னியாகுமரி மாவட்டத்தில் எங்கும் டிராம் பாதை கிடையாது. வடசேரி இருக்கும் நாகர்கோவிலில் இருந்து கன்னியாகுமரி போக எப்போதும்போல பஸ்ஸும் ரயிலும்தான்.

பின்னால் படகுகள் நிற்பதால் கன்னியாகுமரி பக்கத்துச் சின்னமுட்டம் மீன்பிடித் துறைமுகம் என்று நம்பிவிடுகிறார்கள். படத்தைப் பெரிதாக்கி நிறுத்தத்தின் பலகையைப் பாருங்கள்: 'போர் லிம்பியா' (Port Lympia). பிரான்சின் கடற்கரை நகரமான நீஸில், விமான நிலையத்தையும் துறைமுகத்தையும் இணைக்கும் 2-ஆம் தடத்தின் கடைசி நிறுத்தம் அது. நீஸ் டிராமின் தட வரைபடத்திலேயே இதைச் சரிபார்க்கலாம்.

ஷாக் பயமும் வேண்டாம். அந்தத் தடத்தில் மேலே மின்கம்பி இல்லாததால் வந்த குழப்பம் இது. வண்டி நிறுத்தத்தில் நிற்கும்போது, தரையில் பதித்த பட்டையிலிருந்து சுமார் 20 விநாடியில் சார்ஜ் ஏறுகிறது; அடுத்த நிறுத்தம் வரை அதில்தான் ஓட்டம். வண்டி மேலே நின்று மூடியிருக்கும்போது மட்டுமே பட்டையில் மின்சாரம் வரும். நகர்ந்ததும் துண்டிக்கப்படும். நிறுத்தங்களுக்கு நடுவே தரையில் மின்சாரமே இல்லை.

சென்னையில் 1953-லேயே டிராம் நின்றுவிட்டது. இங்கே புதிதாக வருவதானால் மாவட்ட நிர்வாகத்தின் இணையதளத்தில் அறிவிப்பு இருக்கும். வடசேரியில் டிராமைத் தேடி வெளியூர்க்காரர்கள் அலையக்கூடாது. தயவுசெய்து இதை இனி ஃபார்வர்டு செய்யாதீர்கள், அனுப்பிய குரூப்பில் இந்த விளக்கத்தைப் போடுங்கள்.